பொன்மணிக்கு எழுதினவர் என்று ஒருத்தர் இருந்தார்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

இரண்டு கிழமைக்கு முன்னம் உங்கள் ஞாயிறு பதிப்பில் இலங்கைத் தமிழ் சினிமாவைப் பற்றி முழுப்பக்கக் கட்டுரை ஒன்று போட்டிருந்தீர்கள். பழைய சினிமா விளம்பரத் துண்டு ஒன்றைத் தேடி எடுத்துப் போட்டிருந்ததைப் பார்க்க நல்ல சந்தோசம். எனக்கு ஒரு பழக்கம், எதையும் வாசித்து முடிந்ததும் பேனையை எடுத்துப் பெயர்களுக்குக் கீழே கோடு போடுவேன். போட்டுப் பார்த்தேன். இயக்கினவர்கள் ஏழு பேர். காசு போட்டவர்கள் நாலு பேர். நடித்தவர்கள் பதினைந்துக்கு மேல். பாட்டு, இசை, கமரா, எந்தத் தியேட்டர், எத்தனை நாள் ஓடியது, எல்லாம் இருக்கிறது. அந்தப் படங்களை எழுதினவர்கள் என்று பார்த்தால் ஒருவருமில்லை. 'பொன்மணி'க்கு ஒரு முழுப் பந்தி ஒதுக்கி, "பத்திராஜவின் பொன்மணி" என்று மூன்று தரம் எழுதிவிட்டு, அதை எழுதின காவலூர் இராசதுரை என்ற பெயரை ஒரு தரம்கூட எழுதாமல் விட்டிருக்கிறீர்கள். அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். கொஞ்சம் நீளும். இடம் காணாது என்றால் நடுவில் எங்கே வேண்டுமானாலும் வெட்டுங்கள், கடைசிப் பந்தியை மட்டும் வெட்டிவிடாதீர்கள்.

நான் சினிமாக்காரன் இல்லை. திருநெல்வேலியில், பல்கலைக்கழகத்துக்கு நடந்து போகிற தூரத்தில், போட்டோக்கொப்பியும் தட்டச்சும் செய்கிற சின்னக் கடை ஒன்று வைத்திருக்கிறேன். பாமினி என்ற பழைய எழுத்துருவில் அடிக்கத் தொடங்கி இப்போது யுனிகோட்டில் அடிக்கிறேன். கலியாண அழைப்பு, அந்தியேட்டிக் கல்வெட்டு, மாணவர்களின் ஆய்வுக் கட்டுரை, இவற்றோடு பத்துப் பன்னிரண்டு வருசமாகக் குறும்படக்காரப் பெடியளின் திரைக்கதைகளும் என் மேசைக்கு வருகின்றன. எழுதினதை எழுத்துக்கு எழுத்து அடிக்கிறவனுக்கு வாசிக்கிறவனைவிடக் கொஞ்சம் கூடத் தெரியும் என்பது என் எண்ணம். அந்த உரிமையில்தான் எழுதுகிறேன்.

'பொன்மணி' 1977இல் வந்தது. எனக்கு அப்போது பத்து வயது. அப்பா சைக்கிளில் ஏற்றிக்கொண்டு போனார். நம் ஊர், நம் ஆட்கள், நம் பேச்சு என்று கேள்விப்பட்டுத்தான் சனம் வந்திருந்தது. ஆனால் படம் தொடங்கிக் கொஞ்ச நேரத்திலேயே பின்வரிசையில் ஒருவர், "எப்பயண்ணை சண்டை வரும்?" என்று சத்தமாகக் கேட்க, தியேட்டரே சிரித்தது. இடைவேளையோடு கன பேர் எழும்பிப் போய்விட்டார்கள். எனக்கும் ஒன்றும் விளங்கவில்லை, நித்திரை வந்துவிட்டது. அப்பா கடைசிவரை இருந்தார். வரும் வழியில் சைக்கிள் பாரில் இருந்த என்னோடு ஒரு சொல் கதைக்கவில்லை. சீதனம் சேராமல் அவருக்குக் கீழே கலியாணம் ஆகாத இரண்டு தங்கைகள் இருந்தார்கள் என்பதையும், அந்தப் படமே சீதனம் கொடுக்க முடியாத ஒரு வீட்டைப் பற்றியது என்பதையும் நான் சேர்த்துப் பார்க்க இன்னும் பதினைந்து வருசம் எடுத்தது.

பிறகு வளர்ந்து ஆளான பிறகு, கோடு கோடாக ஓடுகிற ஒரு பழுதான பிரதியில் அதைத் திரும்பப் பார்த்தேன். இந்த முறை நித்திரை வரவில்லை. படத்தை இயக்கினவர் தர்மசேன பத்திராஜ, சிங்களவர். 1974இல் இங்கே பல்கலைக்கழக வளாகம் தொடங்கிய பிறகு அங்கே படிப்பிக்க வந்து எங்களோடு இருந்தவர். 'அஹஸ் கவ்வ' எடுத்துச் சிங்கள சினிமாவையே ஒரு உலுக்கு உலுக்கிவிட்டு வந்தவர். அவருடைய கண் பெரிய கண், அதில் எனக்கு மறுபேச்சு இல்லை. 2018இல் அவர் காலமானபோது உங்கள் பத்திரிகையும் எழுதியது, நானும் வெட்டி வைத்திருக்கிறேன். ஆனால் ஒன்றை யோசித்துப் பாருங்கள். கண் எவ்வளவு பெரிதானாலும், யாழ்ப்பாணத்து வீட்டுக்குள் எந்தச் சொல் எந்த இடத்தில் நிற்கும் என்பதை வெளியில் இருந்து வந்த ஒருவர் தனியாகக் கண்டுபிடிக்க ஏலாது. அதற்கு உள்ளே பிறந்து வளர்ந்த காது வேண்டும். அந்தக் காது, இராசதுரையின் காது, ஊர்காவற்றுறையில் இருந்து வந்தது.

நான் சொல்வதை ஒரு உதாரணத்தோடு பாருங்கள். பெண் பார்க்க வந்திருக்கிறார்கள். ஆம்பிளையள் விறாந்தையில். தேத்தண்ணி வந்தாயிற்று. கதை எதிலிருந்து தொடங்கும்? சீதனத்தில் இருந்து தொடங்காது. மழையில் தொடங்கும், வெங்காய விலைக்குப் போகும், கிணற்றுத் தண்ணி நல்லதா உவரா என்று வரும், காணி எத்தனை பரப்பு என்று "சும்மா" ஒரு கேள்வி விழும், அப்போதுதான் தரகர் தொண்டையைச் செருமுவார். டொனேசன், அதாவது மாப்பிள்ளை வீட்டுக்குக் கொடுக்கிற காசு, என்ற சொல்லை மாப்பிள்ளையின் தகப்பன் தன் வாயால் சொல்லவே மாட்டார், "அது பேந்து பாப்பம்" என்பார், அந்தப் "பேந்து"க்குள் லட்சக்கணக்கு இருக்கும். அடுப்படி வாசலில் பெண்ணின் தாய் நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு நிற்பார், அவர் கேட்கிறார் என்பது விறாந்தையில் இருக்கிற எல்லோருக்கும் தெரியும், தெரியாத மாதிரிக் கதைப்பார்கள். பெண்? பெண்ணுக்கு வசனமே இல்லை. இதை வெளியாள் ஒருவர் எழுதினால் ஐந்து நிமிடத்தில் தகப்பன் கண்ணீர் விட்டு வசனம் பேசியிருப்பார். சீதனத்தையும் சாதியையும் விட்டு இளைய மகள் வெளியே கால் வைக்கிற 'பொன்மணி' கதையைக் கத்தாமல் சொல்ல வேண்டும் என்று முடிவெடுக்க, அந்த விறாந்தையில் சின்ன வயதில் ஓரமாக இருந்து கேட்ட ஒருவர் வேண்டும்.

இராசதுரை வானொலிக்கு எழுதினவர், சிறுகதைக்காரர், பிறகு விளம்பரத் துறையில் இருந்தவர். மூன்றுமே சொல்லைச் சுருக்கப் பழக்குகிற தொழில்கள். 2014இல் அவுஸ்திரேலியாவில் காலமானார். எங்கள் ஊரில் எத்தனை பேருக்குத் தெரிந்தது என்று நான் கேட்க விரும்பவில்லை.

தென்பகுதியில் இப்படி இல்லை என்பதுதான் எனக்கு உறுத்துகிறது. சிங்கள சினிமாவின் கதை எங்களுக்கும் சம்பந்தப்பட்டதுதான். முதல் சிங்களப் பேசும் படம் 'கடவுனு பொரொந்துவ' 1947 ஜனவரி 21ஆம் திகதி கொழும்பில் திரைக்கு வந்தது, தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்ற தமிழர், எடுத்தது தென்னிந்தியாவில். அதற்குப் பிறகு ஏறக்குறைய பத்து வருசம் சிங்களப் படம் என்றால் பெரும்பாலும் தென்னிந்திய ஸ்டூடியோ, தென்னிந்தியக் கதை, அதற்கு மேலே சிங்களச் சொல் பூசினது. 1956இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 'ரேகாவ'வோடு ஸ்டூடியோவை விட்டு வெளியே வந்தார், அடுத்த வருசம் அது பிரான்சின் கான் திரைப்பட விழா வரைக்கும் போனது. கமரா வெயிலுக்கு வந்த கதையை எல்லோரும் சொல்கிறார்கள். கமரா மட்டும் வெயிலுக்கு வந்து, வாய் ஸ்டூடியோவுக்குள்ளேயே இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? அந்தப் படத்துக்கு வசனம் எழுதினவர் கே. ஏ. டபிள்யூ. பெரேரா. பிறகு அவரே பெரிய இயக்குநராக வந்தார், அங்கே அவர் பெயர் தெரியாத சினிமா வாசகர் கிடையாது.

இன்னொருவர் பி. கே. டி. செனவிரத்ன. அவர் வானொலிக்கு எழுதின கிராமத்து நாடகம்தான் 1961இல் 'குருலு பெத்த' என்ற படமாக வந்தது. வயல்காரன் எப்படிக் கோபிப்பான், எப்படிச் சண்டை பிடித்துவிட்டு அடுத்த நாள் ஒன்றும் நடக்காத மாதிரி வெற்றிலை கேட்டுக்கொண்டு வருவான் என்பதை அவர் கொண்டுவந்து வைத்ததால்தான் சிங்கள சினிமாவுக்குக் கிராமம் கிடைத்தது என்று சொல்வார்கள். இதில் எனக்குப் பிடித்த விசயம் அந்தப் படத்தை இயக்கினவரின் பெயர்: எல். எஸ். ராமச்சந்திரன். சிங்களக் கிராமத்தைச் சிங்களவர் எழுதினார், ராமச்சந்திரன் இயக்கினார். பதினாறு வருசம் கழித்து யாழ்ப்பாணத்து வீட்டைத் தமிழர் எழுதினார், பத்திராஜ இயக்கினார். இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து யாராவது ஒரு கட்டுரை எழுதினால் என்ன? எழுத நினைக்கிறவர் வந்தால் அடித்துக் கொடுக்கிறது என் பொறுப்பு.

திஸ்ஸ அபேசேகரவைப் பற்றியும் சொல்லாமல் விட முடியாது. ஜி. பி. சேனாநாயக்கவின் ஒரு சின்னக் கதையை எடுத்து 'நிதானய'வுக்குத் திரைக்கதை எழுதினவர் அவர்தான். 1972 படம். 1997இல் சிங்கள சினிமாவின் ஐம்பதாவது ஆண்டில் ஆகச் சிறந்த படம் எது என்று தேர்ந்தெடுத்தபோது அதைத்தான் சொன்னார்கள். சிறுகதை சில பக்கம்தான், அதை முழுநீளப் படமாக்க வேண்டும் என்றால் கதையில் இல்லாத அறைகளைக் கட்ட வேண்டும், ஆனால் கட்டினது தெரியக்கூடாது. அவர் எழுதின இன்னொரு படம் 'வெலிகத்தர', 1971, இலங்கையின் முதல் சினிமாஸ்கோப் படம். அதில் நடக்கிற கதை எங்கே தெரியுமோ? எங்களுடைய வடக்கு மணலில். ஒரு பொலிஸ் அதிகாரி, ஒரு கள்ளக்கடத்தல் முதலாளி, காமினி பொன்சேகாவும் ஜோ அபேவிக்கிரமவும். எங்கள் மணலில் அவர் ஒரு பெரிய படத்துக்குக் கதை கண்டார், எங்களுக்கு அது வீடு கட்ட ஏற்றுகிற மணல் (இப்போது அனுமதி இல்லாமலும் ஏற்றுகிறார்கள், அது வேறு கடிதம்). அந்தத் திஸ்ஸ அபேசேகர பிறகு திரைப்படக் கூட்டுத்தாபனத்துக்கே தலைவராக இருந்தார். திரைக்கதை எழுதின ஒருவர் நாட்டின் சினிமா நிர்வாகத்தின் தலைமைக் கதிரையில். எங்கள் பக்கத்தில் எழுதினவருக்குக் கதிரை இருக்கட்டும், போஸ்டரில் ஒரு வரி கிடைத்ததா?

எங்களுக்கும் ஒரு காலம் வந்தது, சின்னக் காலம். 1972இல் திரைப்படக் கூட்டுத்தாபனம் தொடங்கி, வெளிநாட்டுப் படங்களைக் கொண்டுவருகிற வேலை அதன் கைக்குப் போனது. இந்தியப் படங்களின் வரத்துக் கட்டுப்பட்டதால் உள்ளூர்ப் படங்களுக்குக் கொஞ்சம் மூச்சு விட இடம் கிடைத்தது. அதே வருசம் கட்டடக் கலைஞர் வி. எஸ். துரைராஜா தயாரித்து டபிள்யூ. எஸ். மகேந்திரன் இயக்கிய 'குத்துவிளக்கு' வந்தது. 1976இல் 'கோமாளிகள்', 1977இல் 'பொன்மணி', 1978இல் 'வாடைக்காற்று' என்று வரிசையாக வந்தன. இவற்றில் ஓடின படம் எது என்று பழைய ஆட்களைக் கேட்டால் முதலில் 'கோமாளிகள்' என்பார்கள். ஏன் ஓடியது? அது ஏற்கெனவே வானொலியில் வீடு வீடாகக் கேட்ட சிரிப்பு. எஸ். ராம்தாஸ் எழுதி, தானும் மரிக்காராக நடித்து, ஐயர், அப்புக்குட்டி, உபாலி என்று ஆளுக்கொரு பேச்சுக் கொடுத்து நடத்தின நாடகம். யாழ்ப்பாணத் தமிழ், முஸ்லிம் மக்களின் தமிழ், சிங்களவர் பேசுகிற தமிழ், எல்லாம் ஒரே வீட்டுக்குள் முட்டி மோதும். இந்த நாட்டுக்கென்று ஒரு தமிழ் சினிமா இருந்தால் அது எப்படிச் சத்தம் போடும் என்பதை அந்த மனிதர் ஒலிவாங்கிக்கு முன்னால் நின்றே கண்டுபிடித்துவிட்டார். கலை விமர்சகர்கள் 'பொன்மணி'யைத் தூக்குவார்கள், 'கோமாளிகளை' நக்கலடிப்பார்கள். நான் இரண்டையும் ஒரே பெட்டியில்தான் வைப்பேன். இரண்டிலும் எழுதினவரின் காது நல்ல காது. 'வாடைக்காற்று' செங்கை ஆழியானின் நாவலில் இருந்து வந்தது, பிரேம்நாத் மொறாயஸ் இயக்கினார், அங்கேயும் முதலில் இருந்தது எழுத்துத்தான்.

பிறகு நடந்தது எல்லோருக்கும் தெரியும். 1977க்குப் பிறகு இறக்குமதி திறந்தது, 1979இலும் 1982இலும் தொலைக்காட்சிகள் வந்தன, 1983 ஜூலையில் ஹெந்தளையில் கே. குணரத்தினத்தின் விஜயா ஸ்டூடியோவை எரித்தார்கள், உள்ளே இருந்த படச் சுருள்களும் சேர்ந்தே எரிந்தன. சிங்களப் படங்களை எடுத்துக்கொண்டிருந்த கே. வெங்கட் என்ற இயக்குநரை அந்த நாட்களில்தான் கொன்றார்கள். மிஞ்சின பிரதிகள் புழுக்கத்திலும் பூஞ்சணத்திலும் போயின. தம்பிஐயா தேவதாஸ் மட்டும் தனியொருவராக அலைந்து திரிந்து இந்தப் படங்களின் கதையை நூலாக எழுதிவைத்தார், அது இல்லாவிட்டால் உங்கள் கட்டுரையும் வந்திராது, என் கடிதமும் வந்திராது. சரி, படச் சுருள் போய்விட்டது. திரைக்கதை? அது வெறும் கடதாசி. றோணியோ என்ற பழைய பிரதி எடுக்கிற மிசினில் போட்டால் ஐம்பது பிரதி எடுக்கலாம். ஒரு ஸ்டூடியோவுக்கு வைத்த நெருப்பு ஐம்பது வீட்டு ட்ரங்குப் பெட்டிக்கும் போய்ச் சேராது. அப்படி இருந்தும் இந்தப் படங்களின் திரைக்கதைகள் ஒரு பெடியன் காசு கொடுத்து வாங்கி வாசிக்கிற மாதிரி என் கடை மேசைக்கு இத்தனை வருசத்தில் ஒருநாளும் வந்ததில்லை. சிங்களத்தில் திரைக்கதைகள் நூலாக வருகின்றன, புத்தகக் கண்காட்சியில் அடுக்கி வைத்திருக்கிறார்கள், தமிழ்நாட்டிலும் வருகின்றன. எங்கள் பெடியள் திரைக்கதை என்றால் என்ன என்று படிக்க வேண்டுமென்றால் சென்னைப் படத்தின் திரைக்கதையைத்தான் படிக்க வேண்டியிருக்கிறது. பிறகு அவர்களின் பாத்திரங்கள் ஏன் சென்னைத் தமிழ் கதைக்கின்றன என்று நாங்கள் கோபிக்கிறோம்.

கதைக்கின்றன, நான் சாட்சி. போன வருசம் ஒரு பெடியன் கொண்டுவந்த கதை சுன்னாகத்தில் நடக்கிறது. கதாநாயகன் சிநேகிதனைப் பார்த்து "டேய் மச்சி, இன்னாடா மேட்டரு" என்கிறான். தம்பி, நீ உன் சிநேகிதனோடு இப்படியா கதைக்கிறனீ என்று கேட்டேன். "இல்லையண்ணை, ஆனா படமெண்டா இப்பிடித்தானே" என்றான். அவனில் பிழையில்லை. படம் என்றால் இப்படித்தான் என்று மூன்று தலைமுறையாகப் பார்த்துப் பழகின காது. 2020இல் வெளிநாட்டில் இருந்து கொழும்புத் தமிழ்க் குடும்பத்தைப் பற்றி ஒரு ஆங்கிலப் படம் வந்தபோது, அதில் பேசுகிற தமிழ் சரியில்லை என்று உலகம் முழுக்க இருக்கிற எங்கள் ஆட்கள் குரல் கொடுத்தார்கள். நியாயமான கோபம். அதே கோபத்தைச் சுன்னாகத்து "மேட்டரு"க்கும் கொஞ்சம் ஒதுக்கி வைக்கலாம்.

இன்னொருத்தி வந்தாள், வளாகத்தில் படிக்கிற பிள்ளை. மகன் ஏஜென்சிக்குக் காசு கட்டி வெளிநாடு போகிறான், தாய் வழியனுப்புகிறாள், அவ்வளவுதான் கதை. முதல் தரம் கொண்டுவந்தபோது பதினெட்டுப் பக்கம். தாய் ஒன்றரைப் பக்கம் அழுது பேசுகிறாள், பத்து மாதம் சுமந்தது, அப்பா இல்லாமல் வளர்த்தது, தோட்டம் ஈடு வைத்தது, எல்லாம். அடித்துக் கொடுத்தேன், காசு தந்தாள். மூன்று நாளில் திரும்பி வந்தாள், பதினான்கு பக்கம். தாயின் பேச்சு ஆறு வரியாகியிருந்தது, பத்து மாதம் போய்விட்டது, தோட்டம் மட்டும் இருந்தது. இன்னும் ஒரு கிழமை கழித்து வந்தாள், பன்னிரண்டு பக்கம், பேனையால் ஒரே வெட்டு. வான் படலையில் நிற்கிறது. தாய்க்கு ஒரே ஒரு வசனம்: "பெட்டியின்ர திறப்பை எங்க வைச்சனீ?" மகன் சட்டைப் பையைத் தொட்டுக் காட்டுகிறான். வான் போகிறது. எனக்கு அடிக்கிற கை அதோடு நின்றுவிட்டது. என்னுடைய மகனும் இப்போது ஸ்காபரோவில், அன்றைக்கு என் மனுசி கேட்டது பாஸ்போட்டை எங்கே வைத்தாய் என்று. பக்கக் கணக்கில் காசு வாங்குகிறவனுக்கு நல்ல எழுத்தாளர் வந்தால் நட்டம் என்று அன்றைக்குத் தெரிந்துகொண்டேன். கடைசித் தரம் அந்தப் பிள்ளையிடம் காசு வாங்கவில்லை.

அந்தக் குறும்படம் எடுத்தார்கள், ஒரு மண்டபத்தில் போட்டார்கள், போனேன். ட்ரோன் எல்லாம் பறந்து பனங்கூடல் அழகாகத் தெரிந்தது. கை தட்டினார்கள். மேடைக்குக் கூப்பிட்டு இயக்கின பெடியனுக்கும் கமராக்காரருக்கும் நடித்த அம்மாவுக்கும் பொன்னாடை போட்டார்கள். எழுதின பிள்ளை மூன்றாம் வரிசையில் இருந்து படம் எடுத்துக்கொண்டிருந்தாள். வெளியே வரும்போது கேட்டேன், உனக்கு என்ன தந்தவை என்று. "சூட்டிங் நாளிலை சோத்துப் பாசல் தந்தவை மாமா" என்று சிரித்தாள். ட்ரோனுக்கு நாள் வாடகை, லைற்றுக்கு வாடகை, வானுக்கு டீசல், எழுதினவளுக்கு சோற்றுப் பாசல். அதுவும் மரக்கறி.

இதில் என் சொந்தக் காய்ச்சலும் இருக்கிறது, மறைக்கவில்லை. சமாதானக் காலத்தில், எல்லோரும் தொலைக்காட்சிப் படம் எடுத்துக்கொண்டிருந்த நேரம், நானும் ஒன்றுக்கு எழுதிக் கொடுத்தேன். ஆறு இரவு இருந்து எழுதினது. படம் வந்தபோது முதலில் ஓடின பெயர்களில் என் பெயர் இல்லை, கடைசியில் "நன்றி" என்று ஓடின பட்டியலில், சாப்பாட்டுக் கடைக்குப் பிறகு, பெயரில் ஒரு எழுத்துப் பிழையோடு வந்தது. தட்டச்சுக்காரனின் பெயரிலேயே எழுத்துப் பிழை. சம்பந்தப்பட்டவர் இப்போது உயிரோடு இல்லை, நல்ல மனுசன்தான், வேண்டுமென்று செய்ததில்லை. எழுத்தை அவர் ஒரு வேலையாகவே நினைக்கவில்லை, அவ்வளவுதான். கதை தன் தலையில் இருந்தது, இவன் அதைக் கடதாசியில் இறக்கித் தந்தான் என்று நினைத்திருப்பார். கன பேர் அப்படித்தான் நினைக்கிறார்கள்.

இப்போது எங்கள் ஊரில் படம் எடுக்கிறவர்கள் கூடியிருக்கிறார்கள், நல்லது. 2015இல் தொடங்கி யாழ்ப்பாணத்தில் சர்வதேச சினிமா விழா நடக்கிறது, வெளிநாட்டுப் படங்களை இங்கேயே இருந்து பார்க்கலாம். 2012இல் அசோக ஹந்தகம இங்கே வந்து 'இனி அவன்' எடுத்தார், அதுவும் கான் வரை போனது. அல்லைப்பிட்டியில் பிறந்த எழுத்தாளர் ஷோபாசக்தி பிரான்சில் 'தீபன்' படத்தில் கதாநாயகனாக நடித்தார், அந்தப் படத்துக்கு 2015இல் கான் விழாவின் பெரிய விருதான தங்கப்பனை கிடைத்தது. பாருங்கள், நாவல் எழுதுகிற மனுசனை உலகம் கமராவுக்கு முன்னால் நிறுத்திப் பார்த்தது. அதைச் சொல்லி நாங்கள் பெருமைப்பட்டோம், நானும்தான். அவர் எழுதினதை வாசித்தீர்களா என்று அடுத்த கேள்வி கேட்டால் பாதிப் பேர் கைத்தொலைபேசியைப் பார்ப்பார்கள்.

உங்களிடம் நான் கேட்பது பெரிய விசயம் இல்லை. இனிமேல் நம்மவர் படம் பற்றி எழுதும்போது, குறும்படம் என்றாலும் பரவாயில்லை, யார் எழுதினது என்று ஒரு வரி போடுங்கள். கட்டுரையாளர் மறந்தாலும் உதவி ஆசிரியர் கேட்டு வாங்கிப் போடட்டும். இயக்கினவரே எழுதியிருந்தால் அதையும் சொல்லுங்கள், பிழையில்லை. ஞாயிறு பதிப்பில் மாதத்துக்கு ஒரு அரைப்பக்கம் ஒதுக்கி, ஒரு காட்சியை, எழுதினபடியே, வெட்டித் திருத்தின கோட்டோடு அச்சிட்டால் இன்னும் நல்லது. ராசிபலனுக்குப் பக்கத்தில் போட்டாலும் போதும், அங்கேதான் எல்லோரும் பார்ப்பார்கள். விழா நடத்துகிறவர்களும் பொன்னாடை வாங்கும்போது ஒன்று கூட வாங்கட்டும்.

வாசகர்களுக்கும் ஒன்று, இதைத்தான் வெட்ட வேண்டாம் என்று சொன்னேன். உங்கள் வீட்டில், அல்லது பெரியப்பா வீட்டு அட்டாளையில், பழைய நாடகப் பிரதியோ வானொலி நாடகப் பிரதியோ படத்துக்கு எழுதின கொப்பியோ இருந்தால் எறிந்துவிடாதீர்கள், பழைய கடதாசிக்காரனுக்கு நிறுத்தும் கொடுக்காதீர்கள். கறையான் பிடித்திருந்தாலும், நடுவில் பக்கம் இல்லாவிட்டாலும் பரவாயில்லை. திருநெல்வேலிக்குக் கொண்டுவாருங்கள், என்னிடம் ஸ்கானர் இருக்கிறது, ஒரு பக்கம்கூட விடாமல் எடுத்து, மூலப் பிரதியை உங்கள் கையிலேயே திருப்பித் தருவேன், எடுத்ததை 'நூலகம்' என்ற இணைய ஆவணகத்துக்கு அனுப்பி வைப்பேன். காசு வேண்டாம். யார் எழுதினது என்று தெரிந்தால் மட்டும் ஒரு துண்டில் எழுதிக்கொண்டு வாருங்கள். கரண்ட் போனால் கொஞ்சம் இருக்க வேண்டி வரும், தேத்தண்ணி தருவேன். ஞாயிற்றுக்கிழமை மத்தியானத்துக்குப் பிறகு கடை பூட்டு.

இப்படிக்கு,
தட்டச்சுக் கடைக்காரன்,
திருநெல்வேலி,
யாழ்ப்பாணம்.